இருபத்து மூன்றாம் காட்சி

எனக்குத் தேன் பிடிக்காது. சிறு வயதில் இருமல் மருந்தையெல்லாம் அதில் குழைத்தே கொடுத்தார்கள். அதனால் வந்த வெறுப்பாக இருக்கலாம். ஆனாலும் என் வீட்டு அலமாரியின் மேல்தட்டில் ஒன்பது பாட்டில் மலைத்தேன் இருக்கிறது. ஒன்றைக்கூட நான் திறந்ததில்லை. முதல் பாட்டில் இப்போது தார் போலக் கறுத்துவிட்டது.

வருடத்துக்கு ஒன்றாக, வைகாசி மாதத்தில், குழந்தைவேல் அதைக் கொண்டுவந்து வைப்பான். பண்ணைக்காட்டிலிருந்து பேருந்தில் வந்து, கொடைக்கானல் ஏரிச் சாலையிலிருந்து என் வீடு வரை நடந்து ஏறுவான். பாட்டிலை மேசையில் வைத்துவிட்டு வாசற்படியில் உட்காருவான். பேசமாட்டான். ஒரு மணி நேரம் கழித்து எழுந்து போவான். மௌனம் எனக்குப் பழகியதுதான். நாள் முழுக்க ஒரு சொல் பேசாமல் புத்தகத்தோடு இருக்கக்கூடியவன் நான். ஆனால் அவனுடைய மௌனம் எனக்குப் பழகவே இல்லை. அவன் முதுகைப் பார்த்துக்கொண்டு உள்ளே உட்கார்ந்திருப்பேன். பக்கம் திருப்பினால் காகிதச் சத்தம் கேட்டுவிடுமே என்று திருப்பமாட்டேன்.

அவன் பளியர் இனத்தவன். காப்பித் தோட்டங்கள் முடிந்து காடு தொடங்கும் இடத்தில் முப்பது குடிசைகள் இருக்கின்றன. அங்கே நான் முதலில் போனது எழுபத்து நான்காம் ஆண்டு. அப்போது நான் ஆவணப்படங்களுக்குத் திரைக்கதை எழுதிக்கொண்டிருந்தேன்.

நடப்பதை எடுக்கிற படத்துக்குத் திரைக்கதை எதற்கு என்று பலரும் கேட்பார்கள். பிலிம் சுருளை அளந்துதான் கொடுப்பார்கள். ஒரு குழு உட்கார்ந்து எழுத்தைப் படித்து ஒப்புதல் தர வேண்டும். ஒப்புதல் தந்ததைத்தான் எடுத்துவர வேண்டும். ஆகவே எந்த மலையின் மக்களானாலும், அவர்களைக் கண்ணால் பார்ப்பதற்கு முன்பே எழுதிவிடுவது என் வழக்கம். திருவல்லிக்கேணியில் ஒரு லாட்ஜ் அறை, இரண்டு பழைய ஆங்கிலப் புத்தகங்கள், ஒரு மேசை விளக்கு, இவை போதும். என் மக்கள் விடியலில் எழுவார்கள், தீ மூட்டுவார்கள், கிழங்கு தோண்டுவார்கள், மாலையில் ஆடுவார்கள். எல்லோரும் ஒரு முறையாவது உதிக்கிற சூரியனைப் பார்த்துக்கொண்டு நிற்பார்கள். நான்கு படங்களில் நான்கு இனத்தவரும் அப்படி நின்றிருக்கிறார்கள். குழுவில் யாரும் ஆட்சேபிக்கவில்லை.

பளியர் படத்தில் இருபத்து மூன்றாவது காட்சி தேன் எடுப்பது. நான் எழுதியது இவ்வளவுதான்: "செங்குத்துப் பாறை. கொடிக்கயிற்றில் தொங்கும் மனிதன் மேலே நிமிர்ந்து பார்க்கிறான். முகம், மிக அருகில். மரண பயம்."

எனக்கு உயரம் ஆகாது. இரண்டாவது மாடிக் கைப்பிடிச் சுவருக்கு அருகில் போனாலும் உள்ளங்கால் கூசும். அந்த வரியை எழுதும்போது லாட்ஜ் அறையில் மேசையின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டு எழுதினேன். குழுத் தலைவர் அந்த வரியின் கீழே சிவப்பு மையால் கோடு போட்டு, "மிக நன்று" என்று எழுதியிருந்தார். என் எழுத்துக்கு அப்படி யாரும் கோடு போட்டதில்லை.

குடியிருப்பில் தேன் எடுப்பதில் கைதேர்ந்தவன் மயில்சாமி. இருபத்தைந்து வயது இருக்கும். மனைவி பிச்சையம்மாளுக்கு அப்போது ஏழு மாதம். அவளுடைய அண்ணன்தான் குழந்தைவேல். மயில்சாமிக்குச் சொந்த அண்ணன் ஒருவன் உண்டு, வெள்ளையன். இடது கையில் சுண்டுவிரல் கிடையாது. சின்ன வயதில் அரிவாள் பட்டுப் போய்விட்டது. தம்பியைவிடப் பத்து வயது மூத்தவன், மனைவியை இழந்தவன், ஒன்பது வயது மகளை எப்போதும் கூடவே அழைத்துக்கொண்டு திரிவான். எங்கள் பெட்டிகளைத் தூக்கும் வேலைக்கு அவனை வைத்துக்கொண்டோம். சாதுவானவன். இதை நான் குறிப்பாகச் சொல்ல வேண்டும்.

போன மூன்றாம் நாள் முற்பகலில், ஓடைக்கரையில் உட்கார்ந்து மயில்சாமியும் குழந்தைவேலும் கொடியைத் தட்டித் திரித்துக்கொண்டிருந்தார்கள். நான் நோட்டுப் புத்தகத்தோடு பக்கத்தில் இருந்தேன். வெள்ளையன் சற்றுத் தள்ளி, எங்களுக்கு முதுகு காட்டி உட்கார்ந்திருந்தான். ஏன் திரும்பி உட்கார்ந்திருக்கிறான் என்று கேட்டேன்.

"கயிறு சோலி நடக்கையில கூடப்பொறந்தவன் பாக்கப்படாது சாமி," என்றான் மயில்சாமி. "தொடவும் படாது."

"பாறைக்கு மேல கயிற்றைக் காக்கிறது யார்?"

"மச்சான்தான். வேற ஆரு?"

குழந்தைவேல் சிரித்தான். "நான் கயித்த விட்டேன்னா என் தங்கச்சில்ல தாலி அறுப்பா. அதுக்குப் பயந்து பிடிப்பேன். இவன் மூஞ்சிக்காகவா பிடிக்கேன்?"

"ஏன், என் மூஞ்சிக்கு என்ன கொறச்சலு?"

"ஒண்ணுங் கொறச்சலு இல்ல மாப்ள. மந்தியெல்லாம் ஒன்னையப் பாத்துத்தான் பொண்ணு குடுக்க வருதாம்."

முதுகு காட்டியிருந்த வெள்ளையனும் தோள் குலுங்கச் சிரித்தான்.

அண்ணன் பிடித்தால் என்ன என்று மறுபடியும் கேட்டேன். மயில்சாமி குரலைத் தணித்தான். "நான் செத்தா எனக்குள்ளது எல்லாம் அண்ணனுக்குத்தான சாமி போகும்? பொண்டாட்டியும் அந்த வீட்டுலதான் ஒண்டணும். எங்கண்ணன் நல்லவன்தான். ஆனா பாறையில தொங்குறப்ப நல்லவன் கெட்டவன்னு ரோசிக்க ஏலுமா? அந்த நெனப்பே வரப்படாது. அதுக்குத்தான் முன்னோரு இப்பிடி வச்சிருக்காக."

இன்னொன்றும் சொன்னான். கீழே இறங்கினவனுக்கு மேலே நிற்கிறவன் தெரியமாட்டான். அதனால் கயிற்றைக் காக்கிறவன் அவ்வப்போது அதை இரண்டு முறை மெல்ல உதறுவான். நான் இருக்கேன் என்று அர்த்தம். "ஆயிரம் பேரு ஒதறட்டும் சாமி. என் மச்சான் கைய நான் கண்டுபிடிச்சிருவேன்."

நான் எல்லாவற்றையும் எழுதிக்கொண்டேன். ஒரு மக்களின் வழக்கத்தை இவ்வளவு தெளிவாக நான் அதற்கு முன் கேட்டதில்லை.

தேனை அவர்கள் நிலா மறைந்த பிறகுதான் எடுப்பார்கள். எங்களுக்கு வெளிச்சம் வேண்டும். ஆகவே தேனீக்கள் விட்டுப்போன ஒரு பழைய அடையைத் தேர்ந்தெடுத்தோம். கொட்டுவதற்கு ஒரு ஈகூட இல்லை. கயிற்றின் மறுமுனை ஒரு பெரிய மரத்தில் கட்டப்பட்டிருந்தது. யாரும் பிடிக்காவிட்டாலும் அது அங்கேதான் இருக்கும். என்ன நடந்தது என்று பிறகு யோசிக்கும்போதெல்லாம் இந்த இரண்டையும் நினைத்துக்கொள்வேன். ஈ இல்லை. கயிறு அறுபடவில்லை.

நான்கு நாள் படம் எடுத்தோம். இயக்குநர் இராமலிங்கமும் ஒளிப்பதிவாளரும் பள்ளத்துக்கு அப்பால், எதிர்ப்பாறையில் காமிராவை வைத்திருந்தார்கள். அங்கிருந்து தொங்குகிறவனின் முகம் தெரியும், பாறையின் உச்சி தெரியாது. நான் உச்சியில், விளிம்பிலிருந்து இருபதடி உள்ளே ஒரு மரத்தைக் கட்டிக்கொண்டு நின்று, கைக்குட்டை காட்டுவேன்.

நான்காம் நாள் மாலை இராமலிங்கம் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார்.

"சார், முகத்துல ஒண்ணுமே இல்ல சார். டவுன் பஸ்ல கம்பியப் பிடிச்சுக்கிட்டு நிக்கறவன் மாதிரி தொங்கறான். கொட்டாவி வேற விடறான். நீங்க மரண பயம்னு எழுதி, கமிட்டில அதுக்குத்தானே கை தட்டினாங்க? நான் இதக் கொண்டு போய்க் காட்டினா சிரிப்பாங்க."

மயில்சாமியைக் கூப்பிட்டு, பயந்தது போல் பார்க்கச் சொன்னார். அவன் கண்ணை உருட்டி, நாக்கைத் தள்ளிக் காட்டினான். குடியிருப்பே கூடிச் சிரித்தது. இராமலிங்கமும் சிரித்துவிட்டார்.

"பயம் வரலையே சார், நான் என்ன செய்ய?" என்றான் மயில்சாமி. "மேல மச்சான்ல நிக்காரு."

இன்னும் ஒரு நாளைக்குத்தான் பிலிம் இருந்தது. நான் ஓடைக்கரையில் தனியாகக் கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தேன். எனக்குக் கோபம் இல்லை. யார் மீதும் வெறுப்பு இல்லை. ஒரு காட்சி நிற்கவில்லை என்றால் அதற்கு ஒரு காரணம் இருக்கும். அந்தக் காரணத்தைக் கண்டுபிடித்து மாற்றுவது என் தொழில். அவனே சொல்லிவிட்டான். மேலே மச்சான் நிற்கிறார்.

பொழுது சாய்வதற்குள் ஒரு சின்னக் காட்சி எடுத்துக்கொள்ளலாம் என்று இராமலிங்கத்திடம் சொன்னேன். கயிற்றை உதறும் கை மட்டும். சமதரையில், ஒரு மரத்தடியில் எடுத்தோம். வெள்ளையன் கையை வைத்து எடுத்தோம். அவன் பதறினான். இது பழைய கயிறு, பாறைக்குப் போகாத கயிறு, வெறும் படம் என்று சமாதானப்படுத்தினேன். மெல்லத்தான் உதறினான். "தெரியலப்பா, நல்லா இழு," என்றார் இராமலிங்கம். அவன் பலமாக வெட்டி இழுத்தான். காக்கிறவன் குழந்தைவேலாக இருக்க, வெள்ளையன் கையை எதற்கு எடுக்கிறோம் என்று அவர் கேட்கவில்லை. சிவந்த மாலை வெயில் அந்தக் கையில் நன்றாக விழுந்திருந்தது.

மறுநாள் வெள்ளனே எல்லோரும் பாறைக்குப் போனோம். வெள்ளையனைக் குடியிருப்புக்குத் திருப்பி அனுப்பினேன். ஒரு பெட்டியும் தண்ணீர்ப் பானையும் கொண்டுவர வேண்டும், பதினொரு மணிக்குள் வந்துவிட வேண்டும், வெரசா வா என்றேன்.

பதினொரு மணி வாக்கில் மயில்சாமி இறங்கினான். அறுபதடி கீழே போயிருப்பான். குழந்தைவேல் விளிம்பில் கயிற்றைத் தொட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தான். அப்போதுதான் குடியிருப்புப் பக்கத்து ஒற்றையடிப் பாதையில் வெள்ளையன் மூச்சு வாங்க ஓடி வந்தான். கயிற்றுக்கு அருகில் வராமல், வழக்கப்படி தூரத்திலேயே நின்றுவிட்டான். நான் அவனிடம் போய்ப் பேசினேன். திரும்பி வந்து குழந்தைவேலிடம் சேதியைச் சொன்னேன். பிச்சையம்மாள் ஓடையில் வழுக்கி விழுந்துவிட்டாள், ரத்தம் நிற்கவில்லை, அண்ணனைத்தான் கேட்கிறாள்.

அவன் எழுந்தான். உட்கார்ந்தான். மறுபடி எழுந்தான். மனிதன் இரண்டாகக் கிழிவதை நான் அன்றுதான் பார்த்தேன். கயிற்றை அவன் பிடித்திருந்ததே தங்கைக்காக. இப்போது தங்கைக்காகவே அதை விட வேண்டும். வேறு எதைச் சொல்லியிருந்தாலும் அவன் அந்த இடத்தைவிட்டு நகர்ந்திருக்கமாட்டான்.

"மாப்ளைய மேல ஏறி வரச் சொல்லுறேன்," என்றான்.

"அதற்கு அரை மணி ஆகும். கயிறு மரத்தில்தானே கட்டியிருக்கிறது? நான் பார்த்துக்கொள்கிறேன். நீ போ."

அவன் என்னை விளிம்பிற்கு இழுத்துப்போய், என் வலது கையைப் பிடித்துக் கயிற்றின் மேல் வைத்தான். அவன் கை மிகவும் சூடாக இருந்தது. "சாமி, நீங்க வேத்தாளு. நீங்க பிடிக்கலாம். வேற ஆரு கையிலயும் குடுத்திராதீக." நான் குடுக்கமாட்டேன் என்றேன். யார் பக்கமும் திரும்பாமல் அவன் ஓடினான்.

கயிறு என் கையில் கொஞ்ச நேரம் இருந்தது. அது சும்மா இருக்கவில்லை. கீழே ஒரு மனிதனின் எடை அசைவது அதில் தெரிந்தது. தூண்டிலில் மீன் தெரிவதுபோல. அந்த அசைவை இன்றும் என் உள்ளங்கையில் உணர்கிறேன். தூங்கப் போகும்போது போர்வையின் ஓரத்தைப் பிடித்தால், அந்தப் பக்கத்தில் யாரோ தொங்குகிறார்கள்.

வெள்ளையனைக் கூப்பிட்டேன். அவன் வரவில்லை. போய் அழைத்துவந்தேன். எனக்குத் தலை சுற்றுகிறது, குழந்தைவேல் அவசரமாகப் போய்விட்டான், தம்பி கீழே இருக்கிறான் என்றேன்.

"நான் தொடப்படாது சாமி."

"உன் தம்பி விழட்டுமா?"

அவன் கண்ணை மூடிக்கொண்டு கயிற்றைத் தொட்டான். அவன் உதடு ஏதோ சாமி பேரைச் சொல்லிக்கொண்டிருந்தது. விளிம்புக்கு அருகே போய்த் தலையை நீட்டச் சொன்னேன். நான் மரத்தடிக்குத் திரும்பிவந்து எதிர்ப்பாறைக்குக் கைக்குட்டையைக் காட்டினேன். காமிரா ஓடத் தொடங்கியிருக்கும்.

"இரண்டு முறை உதறு," என்றேன். "இருக்கேன் என்று சொல்லு."

அவன் மெல்ல உதறினான். பூவைத் தொடுவதுபோல. அதை நான் பார்த்தேன்.

கீழேயிருந்து எந்தச் சத்தமும் இல்லை. பிறகு மயில்சாமியின் குரல் வந்தது. அது அவன் குரல் என்று எனக்கு உடனே தெரியவில்லை.

"ஏண்ணே... மச்சான் எங்கண்ணே?"

வெள்ளையன் பதில் சொல்ல வாயைத் திறந்தான். கயிறு முறுக்கிக்கொண்டு குதித்தது. அறுபதடியையும் ஒரே மூச்சில் ஏறிவிடப் பார்த்திருக்கிறான். கால் வைக்குமிடத்தைப் பார்க்காமல், அண்ணன் முகத்தையே பார்த்துக்கொண்டு ஏறியிருக்கிறான். பிறகு கயிறு லேசாகிவிட்டது. வெள்ளையன் கயிற்றை விடவே இல்லை. அன்று மாலை அவன் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்துத்தான் கயிற்றை எடுத்தார்கள்.

முகம் கிடைத்துவிட்டது. ஏழு நொடி. சென்னையில் அந்தச் சுருளைப் போட்டுப் பார்த்தபோது இராமலிங்கம் எழுந்து வெளியே போய்விட்டார். நான் கடைசிவரை பார்த்தேன். அப்படி ஒரு முகத்தை எந்த நடிகனாலும் தர முடியாது. விழுந்ததை நாங்கள் படத்தில் வைக்கவில்லை. அது முறையல்ல.

காவலர்கள் வந்து எழுதிக்கொண்டு போனார்கள். கால் தவறி விழுந்த விபத்து. உண்மையில் அது அப்படித்தான். குழந்தைவேல் குடியிருப்புக்கு ஓடிப்போனபோது பிச்சையம்மாள் கேழ்வரகு திரித்துக்கொண்டிருந்தாளாம். அவளுக்கு ஒன்றும் ஆகியிருக்கவில்லை. அவன் திரும்பி வந்து வெள்ளையனைக் கேட்டான். நான் எதுவும் சொல்லவில்லையே என்றான் வெள்ளையன். பேச்சு மாறுபட்டது. தங்கள் வழக்கத்தை வைத்து மக்கள் ஒரு முடிவுக்கு வந்தார்கள்.

நான் என்னால் ஆனதைச் செய்தேன். பிச்சையம்மாளுக்குக் கொடைக்கானலில் ஒரு விடுதிச் சமையற்கட்டில் வேலை வாங்கிக் கொடுத்தேன். பிறந்த குழந்தையைப் போய்ப் பார்த்தேன். குழந்தைவேல் என் காலில் விழுந்தான். அதற்குப் பிறகுதான் தேன்.

படத்தின் விவரணையையும் நான்தான் எழுதினேன். சமதரையில் எடுத்த அந்தக் கை முதலில் வரும், சுண்டுவிரல் இல்லாத கை, பலமாக வெட்டி இழுக்கும் கை. உடனே முகம். குரல் சொல்லும்: "உடன்பிறந்தவன் கையில் கயிறு போகக் கூடாது என்பது இம்மக்களின் நம்பிக்கை. அன்று அந்த நம்பிக்கை பொய்க்கவில்லை." படம் பரிசு பெற்றது. அந்த இரண்டு வாக்கியங்களையும் எழுதத்தான் நான் மிகவும் சிரமப்பட்டேன்.

இரண்டு வருடம் கழித்து, ஊர் ஊராகப் படம் காட்டும் வண்டி ஒன்று அந்தக் குடியிருப்புக்கும் போயிருக்கிறது. மூங்கிலில் வேட்டி கட்டிப் படத்தைக் காட்டியிருக்கிறார்கள். எனக்குச் சொல்லியிருந்தால் தடுத்திருப்பேன். உதிக்கிற சூரியனைப் பார்த்து எல்லோரும் நின்ற இடத்தில் குழந்தைகள் சிரித்தார்களாம். கை வந்த இடத்தில் யாரும் மூச்சு விடவில்லையாம்.

படம் முடிந்த கையோடு நான் கொடைக்கானலுக்குக் குடிவந்திருந்தேன். படத்தைப் பார்த்த பிறகு வெள்ளையன் ஒரே ஒரு முறை என் வீட்டுக்கு வந்தான். குளிரில் நின்றுகொண்டே பேசினான்.

"நாந்தான் இழுத்திருக்கேன் சாமி. எனக்குத்தான் நெனப்பு இல்லாமப் போச்சு. படத்துல எங்கையி இழுக்குதே. இந்தா, இந்தக் கையிதான்." கையை என் முன்னால் நீட்டினான். "நீங்க கூட இருந்தீகளே. நான் இழுத்தனா சாமி?"

அவனை உட்காரச் சொல்லித் தேநீர் கொடுத்தேன். அவன் குடித்துவிட்டுப் போனான். இப்போது அவன் குடியிருப்புக்கு வெளியே, ஒரு வாழைத்தோட்டத்து ஓரத்தில் மகளோடு இருக்கிறான். கயிறு என்று எதையும் தொடுவதில்லையாம். வாளி இறைக்கமாட்டான், ஆட்டைக் கட்டமாட்டான், அரைஞாண்கூட அறுத்துப் போட்டுவிட்டான். அந்தப் பெண்தான் எல்லாம் செய்கிறாள். அவளுக்குப் பதினெட்டு வயது.

சென்ற மாதம், இந்த வருட வைகாசியில், குழந்தைவேல் வந்தான். பாட்டிலை வைத்தான். வாசற்படியில் உட்காரவில்லை. உள்ளே வந்து என் எதிரே தரையில் உட்கார்ந்தான். இடுப்பில் அடை அறுக்கும் கத்தி இருந்தது. அது எப்போதும் இருப்பதுதான்.

"சாமி, எம் மகனும் வெள்ளையன் மகளும் ஒண்ணுக்கொண்ணு ஆசப்படுதுக. முறைப் பொண்ணுதான். புள்ள தங்கமான புள்ள. அப்பனுக்கு எல்லாச் சோலியும் அதுதான் பாக்கு." வெளியே பனி வேலியைத் தாண்டி உள்ளே வந்துகொண்டிருந்தது. "அன்னைக்கு நான் கேட்டப்ப நீங்க தலைய ஆட்டுனீக. வாயால சொல்லல. ஒம்போது வருசமா வந்து ஒக்காந்து பாக்கேன், இன்னைக்குச் சொல்லுவீக, நாளைக்குச் சொல்லுவீகன்னு."

என் உள்ளங்கால் கூசத் தொடங்கியது. தரையில்தான் கால் இருந்தது.

"எந் தங்கச்சி விழுந்துட்டான்னு சேதி கொண்டாந்தது அவந்தானா சாமி? அதுமட்டும் சொல்லுங்க. பொய் சொல்லி என்னைய நகத்துனவன் அவன்னா, அந்த வீட்டுப் பொண்ணு என் வீட்டுக்கு வேணாம். இல்லைன்னா, நாளைக்கே போயி அவன் கையப் பிடிச்சுக் கூட்டியாந்திருவேன்."

நான் ஆமாம் என்றேன்.

அவன் என்னை வெகு நேரம் பார்த்தான். பிறகு கும்பிட்டுவிட்டு எழுந்து போனான். பனியில் வேலி வரைக்கும்கூட அவன் தெரியவில்லை. நடக்கும் சத்தம் மட்டும் கேட்டது. அன்றிலிருந்து பள்ளத்தாக்குப் பக்கத்து ஜன்னலை ஆணி அடித்து மூடிவைத்திருக்கிறேன். ஆனாலும் பனி இறங்கினால் அந்தப் பக்கத்திலிருந்து, கீழேயிருந்து, ஒரு குரல் கேட்கிறது. மச்சான் எங்கே என்றுதான் கேட்கிறது.

ஆகவே எழுதுகிறேன். வெள்ளையன் எந்தச் சேதியும் கொண்டுவரவில்லை. மூச்சு வாங்க வந்து நின்றவன் என்னிடம் சொன்னது, "பானையும் பெட்டியும் கொண்டாந்துட்டேன் சாமி, தண்ணி கொஞ்சம் சிந்திப் போச்சு" என்பதுதான். குழந்தைவேலின் கண்ணெதிரே அவன் குடியிருப்புப் பாதையில் ஓடிவர வேண்டும் என்பதற்காகவே அவனைக் காலையில் அனுப்பினேன். நான் அவனிடம் குனிந்து பேசியது, அவன் தலையசைத்தது, எல்லாம் தூரத்திலிருந்து ஒருவன் பார்ப்பதற்காக. சேதியை உண்டாக்கியது நான். யார் சொன்னது என்று குழந்தைவேல் கேட்டபோது வெள்ளையனைச் சுட்டிக்காட்டியது நான். வேறு யார் கையிலும் குடுக்கமாட்டேன் என்று சொல்லி வாங்கிய கயிற்றைக் கொடுத்தது நான். பிணத்தருகே வைத்துக் கேட்டபோது தலையாட்டியதும் நான். அதற்கு முந்தின நாள் மாலையே அந்தக் கையைப் படமெடுத்து வைத்துக்கொண்டேன். அவன் பூவைத் தொடுவதுபோல உதறியதைப் பார்த்தவன் உலகத்தில் நான் ஒருவன்தான். அவன் வந்து கேட்டபோது தேநீர் கொடுத்தேன்.

இதில் எதையும் நான் மறைக்கவில்லை என்பதை இதைப் படிக்கிறவர்கள் ஒப்புக்கொள்வார்கள்.

குழந்தைவேலின் மகனுக்கு எழுதப் படிக்கத் தெரியும். இதை அவனிடம் கொடுத்துத் தகப்பனுக்குப் படித்துக் காட்டச் சொன்னால் போதும். அவனுக்கு வேறிடத்தில் பெண் பேசி, வெள்ளிக்கிழமை காலை தாலி கட்டுவதாகப் பிச்சையம்மாள் வந்து சொல்லிவிட்டுப் போனாள். இன்று புதன். பண்ணைக்காட்டுக்கு நாளைக் காலையில் பேருந்து இருக்கிறது. என் வீட்டிலிருந்து நிறுத்தத்துக்குப் பத்து நிமிட நடை. வெள்ளையனின் மகள் இரண்டு நாளாகச் சாப்பிடவில்லை என்றும் பிச்சையம்மாள் சொன்னாள்.

ஒரு வரி கூட்டவோ குறைக்கவோ கூடாத அளவுக்கு இது சரியாக இருக்க வேண்டும். அவசரத்தில் எழுதியதால் கயிறு கை மாறுகிற இடம் இன்னும் சரியாக வரவில்லை; வெள்ளையன் முகத்தை இன்னும் கொஞ்சம் சொல்ல வேண்டும். திருத்தி, நல்ல காகிதத்தில் ஒரு பிரதி எடுத்து, நானே கொண்டுபோய்க் கொடுப்பதாக முடிவு செய்துவிட்டேன். ஞாயிற்றுக்கிழமைக்குள் முடித்துவிடுவேன்.